பெடியா ஒரே படத்தோடு மறைந்துவிடவில்லை

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம்.

தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில், துருக்கியின் தொடக்ககாலத் திரைப்பட நடிகை பெடியா முவாஹ்ஹித் பற்றி வெளியான கட்டுரையைப் படித்தோம். யாங்கோனில் பழைய படச்சுருள்களையும் சினிமா நோட்டீசுகளையும் பாட்டுப் புத்தகங்களையும் சேகரித்துப் பாதுகாத்து வரும் சிலர் சேர்ந்து இக்கடிதத்தை எழுதுகிறோம். தமிழில் யாரும் தொடாத ஒரு பொருளைத் தங்கள் கட்டுரையாளர் எடுத்துக்கொண்டதற்கு முதலில் நன்றி. முதல் உலகப் போரில் பிடிபட்ட துருக்கியப் படைவீரர்களைத் தயெட்மியோவிலும் மெய்த்திலாவிலும் சிறை வைத்திருந்த நாடு இது. அவர்களில் பலர் இந்த மண்ணிலேயே அடங்கியிருக்கிறார்கள். அந்தத் தலைமுறைத் துருக்கியைப் பற்றி எது எழுதினாலும் இங்கே ஆர்வத்தோடு படிப்பவர்கள் உண்டு. அதனால்தான் பிழைகளைச் சொல்லாமல் விட மனம் வரவில்லை.

‘1925இல் ஒரே படத்தில் மிகையாக நடித்துவிட்டுத் திரையிலிருந்து மறைந்துபோன முதல் நட்சத்திரம்’ என்பதுதான் கட்டுரையின் சாரம். இதில் ஆண்டு தவறு, மறைந்துபோனார் என்பது தவறு, நட்சத்திரம் என்பது வேறொருவருக்கு உரியது. மிகை நடிப்பு என்ற தீர்ப்பு படம் ஓட்டிய வேகத்தால் வந்தது. அக்கால நடிகர் ஒருவருடைய வாழ்க்கையைப் படப்பட்டியலை மட்டும் வைத்து எழுதினால் இப்படித்தான் ஆகும். அவர்களுடைய வேலை நாடக மேடையில் இருந்தது. படம் என்பது மேடைக்கு விடுமுறை விட்ட மாதங்களில் நடந்த வேலை.

நடந்தது இதுதான். ஹாலிதே எதிப் எழுதிய ‘நெருப்புச் சட்டை’ என்ற நாவலை, கெமால் ஃபிலிம் நிறுவனத்துக்காக முஹ்சின் எர்துருல் படமாக்கினார். 1919இல் இஸ்மிர் நகரம் கிரேக்கப் படையிடம் வீழ்ந்தபோது கணவனையும் குழந்தையையும் பறிகொடுத்த ஆய்ஷே, இஸ்தான்புல் வழியாக அனடோலியாவுக்குப் போய்ப் போர்முனையில் தாதியாகப் பணிபுரிகிற கதை. ஆய்ஷேயாக ஒரு முஸ்லிம் துருக்கியப் பெண்தான் நடிக்க வேண்டும் என்று ஹாலிதே எதிப் நிபந்தனை விதித்தார். அதுவரை துருக்கிப் படங்களில் பெண் வேடங்களை ஆர்மீனிய, கிரேக்கப் பெண்களும், வெளியிலிருந்து வந்து தங்கியவர்களுமே ஏற்று வந்தார்கள். நாடக நடிகர் அகமது ரெஃபெத் முவாஹ்ஹித்தின் மனைவி பெடியா. பிரெஞ்சுப் பள்ளியில் படித்தவர். இஸ்தான்புல் தொலைபேசி நிறுவனத்தில் வேலைக்குச் சேர்ந்த முதல் முஸ்லிம் பெண்களில் ஒருவர். பிறகு பிரெஞ்சு ஆசிரியை. ஆய்ஷே வேடம் அவருக்குக் கிடைத்தது. இன்னொரு பெண் வேடமான கெஸ்பானுக்குப் பத்திரிகையில் விளம்பரம் கொடுத்தார்கள். வந்தவர் முனிரே எயூப். அவரே நெய்யிரே நெயிர் என்ற மேடைப் பெயரில் புகழ்பெற்று, பின்னாளில் முஹ்சின் எர்துருலை மணந்துகொண்டார். படம் 1923 ஏப்ரல் 23 அன்று, அங்காராவில் தேசியப் பேரவை கூடியதன் மூன்றாம் ஆண்டு நிறைவு நாளில், இஸ்தான்புல்லின் பெயோலு பகுதியில் திரையிடப்பட்டது. ஆகவே ‘முதல் பெண்’ என்ற பெருமையை எழுதும்போது பெடியா, நெய்யிரே இருவர் பெயரையும் சேர்த்தே எழுத வேண்டும். தங்கள் கட்டுரையில் நெய்யிரேயின் பெயரே இல்லை.

அதே ஆண்டு ஜூலை கடைசியில், இஸ்மிருக்குச் சென்ற நாடகக் குழுவோடு பெடியாவும் போயிருந்தார். முஸ்தபா கெமால் முன்னிலையில் நடந்த நாடகத்தில் அவர் மேடையேறினார். குடியரசு அறிவிக்கப்பட அதற்குப் பின் இன்னும் மூன்று மாதம் இருந்தது. அன்று ஏறிய மேடையை விட்டு அவர் ஐம்பது ஆண்டுகள்போல இறங்கவில்லை. இஸ்தான்புல் நகர நாடக அரங்கில் 1970களின் நடுப்பகுதி வரை பணியாற்றினார். 200க்கும் மேற்பட்ட நாடகங்கள். 1950களிலும் 1960களிலும் திரையில் வயதான சீமாட்டி வேடங்களில் அவரைப் பார்க்கலாம். 1987இல் அரசு அவருக்கு ‘அரசுக் கலைஞர்’ பட்டம் வழங்கியது. 1994இல் காலமானார். இதை மறைந்துபோன வாழ்க்கை என்று எப்படிச் சொல்ல முடியும்?

படப்பட்டியலில் தெரிகிற இடைவெளிக்குக் காரணம் நடிகையிடம் இல்லை. தொழில் நடந்த விதத்தில் இருந்தது. கெமால் ஃபிலிமை நடத்திய செதென் சகோதரர்கள் படம் இறக்குமதி செய்பவர்கள், கொட்டகை நடத்துபவர்கள். 1922இல் பொற்கொம்பு நீர்வாய்க் கரையில் இருந்த ஃபெஷானே ஆலையின் ஒரு பகுதியைப் படப்பிடிப்பு நிலையமாக்கிப் படமெடுக்கத் தொடங்கினார்கள். எதிர்பார்த்த வசூல் எல்லாப் படத்துக்கும் வரவில்லை. பாட்டும் வசனச் சிலேடையும்தான் உயிர் என்றிருந்த ஒரு இசைநாடகத்தைப் பேசாப்படமாக எடுத்தார்கள். பாட்டு இல்லாமல் அது நிற்கவில்லை. 1924இல் கடையைக் கட்டினார்கள். எர்துருல் சோவியத் நாட்டுக்குப் போய் ஒதெஸ்ஸாவில் படம் எடுத்தார். இபெக்சி சகோதரர்கள் இபெக் ஃபிலிமைத் தொடங்கிய 1928 வரை துருக்கியில் கதைப்படத் தயாரிப்பு நின்றே போயிருந்தது. எல்லா நடிகர்களுடைய பட்டியலிலும் அந்த நான்கு ஆண்டுகள் வெறுமையாகத்தான் இருக்கும்.

அதற்குப் பின்னும் நிலைமை பெரிதாக மாறவில்லை. 1922 முதல் 1939 வரை துருக்கியில் கதைப்படம் இயக்கியவர் ஏறத்தாழ எர்துருல் ஒருவரே. 1927 முதல் அவரேதான் தாருல்பெதாயி என்ற நகர நாடக அரங்கின் தலைவர். அக்டோபரில் திரை உயர்ந்தால் வசந்தம் வரை நாடகம்; கோடையில் அரங்கு மூடியதும் அதே நடிகர்களைக் கூட்டிக்கொண்டு படப்பிடிப்பு. கோடையில் எடுத்தது அடுத்த பருவத்தில் கொட்டகைக்கு வரும். அதனால் ஒரே படத்துக்கு ஒரு நூலில் ஓர் ஆண்டும் மற்றொன்றில் அடுத்த ஆண்டும் போட்டிருப்பார்கள். எடுத்த ஆண்டா, வெளியான ஆண்டா என்று கேட்டுக்கொண்டால் பாதிக் குழப்பம் தீரும். துருக்கிய வரலாற்றாசிரியர் நிஜாத் ஓசோன் அந்தப் பதினேழு ஆண்டுகளை ‘நாடகக்காரர்களின் காலம்’ என்று பெயரிட்டார். அதைக் குறையாகத்தான் சொன்னார். கேமரா அசையாமல் நின்றது, நடிகர்கள் கடைசி வரிசைக்குக் கேட்கும்படி நடித்தார்கள் என்பதில் உண்மை இருக்கிறது. ஆனால் சம்பளமும் பயிற்சியும் ஒத்திகையும் கொடுத்து நடிகர்களைக் காப்பாற்றி வைத்திருந்தது அந்த நாடக அரங்குதான். அது இல்லையென்றால் 1928இல் மறுபடி படமெடுக்க ஆளே இருந்திருக்காது. பாய்ஸ் கம்பெனிகளும் ஸ்பெஷல் நாடகங்களும் இல்லாமல் நம் பேசும்படம் எழுந்திருக்குமா என்று யோசித்தால் தமிழ் வாசகர்களுக்கு இது எளிதாகப் புரியும்.

மூன்று ‘முதல்’களைக் கட்டுரை ஒன்றாக்கிவிட்டது. மேடையேறிய முதல் முஸ்லிம் துருக்கியப் பெண் அஃபீஃபே ஜாலே. ஆண்டு 1920, இடம் இஸ்தான்புல்லின் கதிக்கொய் பகுதி. பாரிசுக்குப் போய்விட்ட ஆர்மீனிய நடிகை எலிசா பினெமெஜியானின் வேடத்தை ஏற்றார். காவலர்கள் அரங்குக்குள் புகுந்தார்கள். அடுத்த ஆண்டு முஸ்லிம் பெண்கள் மேடையேறக் கூடாது என்று ஆணை வந்தது. அவர் வேலை இழந்தார். 1941இல் மனநல மருத்துவமனையில் இறந்தார். இவர் திரைப்படத்தின் முதல் பெண் அல்லர். திரையில் முதல்வர்கள் 1923இன் பெடியாவும் நெய்யிரேயும். நட்சத்திரம் என்று சொல்லத்தக்க முதல் பெண் ஜாஹிதே சோன்கு. 1935இல் வெளியான ‘சதுப்புநிலக் குடிசையின் பெண் ஐசெல்’ படத்துக்குப் பிறகு, அதில் அவர் தலைத்துணி கட்டிய விதத்தை ஊர்ப் பெண்கள் பின்பற்றினார்கள். கொட்டகைக்கு வெளியே ஒரு நடிகையின் சாயல் பரவுவதுதான் நட்சத்திரத்துக்கு அடையாளம். 1923இல் பெடியாவுக்கு அது நடக்கவில்லை, நடக்கவும் முடியாது. ஒரு படத்துக்குச் சில பிரதிகள், சில நகரங்கள், அவ்வளவுதான். ஜாஹிதே பிறகு சொந்தப் பட நிறுவனம் நடத்தி, படங்களை இயக்கவும் செய்தார். நம் டி.பி. ராஜலட்சுமியின் வரிசையில் வைத்துப் பார்க்க வேண்டிய பெண்மணி அவர். அவரைப் பற்றித் தனிக் கட்டுரையே எழுதலாம்.

இனி 1925 என்ற ஆண்டு எங்கிருந்து வந்தது என்று பார்ப்போம். இதைச் சற்று விரிவாகச் சொல்கிறோம், ஏனென்றால் பழைய துருக்கி விளம்பரங்களைப் பார்க்கிற யாரும் சறுக்குகிற இடம் இது. அக்காலத் துருக்கியில் இரண்டு ஆண்டுக்கணக்குகள் புழங்கின. ஒன்று ஹிஜ்ரி, சந்திரக் கணக்கு. மற்றொன்று ரூமி, சூரியக் கணக்கு. அரசு அலுவலும் வரியும் அதில்தான். ரூமி ஆண்டோடு 584ஐக் கூட்டினால் ஆங்கில ஆண்டு வரும். 1923 ஏப்ரல் என்பது ரூமியில் 1339, ஹிஜ்ரியில் 1341. ஒரே பத்திரிகையின் தலைப்பில் இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் அச்சாகியிருக்கும். ஹிஜ்ரி 1341ஐ ரூமி என்று நினைத்து 584ஐக் கூட்டினால் 1925 வருகிறது; கட்டுரையின் பிழை இப்படித்தான் நேர்ந்திருக்க வேண்டும். மறுபக்கமாகச் சறுக்கி, ரூமி 1339ஐ ஹிஜ்ரி என்று கொண்டால் 1920 அல்லது 1921 என்று வரும். அந்த ஆண்டையும் சில குறிப்புகளில் பார்க்கலாம்.

இதற்கு ஒரு எளிய சோதனை உண்டு: கிழமை. 1923 ஏப்ரல் 23 திங்கட்கிழமை. 1925இல் அதே தேதி வியாழன், 1921இல் சனி. விளம்பரத்தில் ‘பசார்தெசி’ என்றிருந்தால் திங்கள். ‘பெர்ஷெம்பே’ என்றிருந்தால் வியாழன். தேதி அச்சில் தேய்ந்திருந்தாலும் கிழமைப் பெயர் பெரும்பாலும் பிழைத்திருக்கும். கொட்டகைக்காரருக்கு எண்ணைவிடக் கிழமைதான் முக்கியம், அதனால் அதைப் பெரிதாகப் போடுவார். இன்னும் இரண்டு எச்சரிக்கைகள். 1917 மார்ச்சுக்கு முந்தைய ரூமித் தேதிகள் ஆங்கிலத் தேதிக்கு 13 நாள் பின்தங்கியவை. ராணுவப் படப்பிரிவு எடுத்த தொடக்ககாலப் படங்களுக்கு இதைக் கவனிக்க வேண்டும். 1926 ஜனவரி முதல் தேதியிலிருந்து ஆங்கிலக் கணக்கு மட்டுமே. அதன்பின் இந்தச் சிக்கல் கிடையாது.

பர்மாவில் வாழும் நமக்கு இது புதிதாக இருக்க வேண்டியதில்லை. பர்மிய வருடத்தோடு 638ஐக் கூட்டுகிறோம். ஆனால் ஜனவரி முதல் ஏப்ரலில் வரும் புத்தாண்டுத் தண்ணீர்த் திருவிழா வரையுள்ள மாதங்களென்றால் 639. பர்மிய வருடம் 1284இன் கடைசி மாதத்து நோட்டீசு 1923ஐச் சேர்ந்தது, அதே வருடத்தின் கார்த்திகை மாதத்து நோட்டீசு 1922ஐச் சேர்ந்தது. தமிழ் நோட்டீசு ‘ருத்ரோத்காரி வருஷம்’ என்று மட்டும் சொன்னால் அது 1923ஆகவும் இருக்கலாம், 1983ஆகவும் இருக்கலாம். அறுபது ஆண்டு இடைவெளியைத் தாளையும் எழுத்து வார்ப்பையும் பார்த்துத் தீர்த்துக்கொள்கிறோம் அல்லவா? துருக்கி நோட்டீசுகளிலும் எழுத்தே காலம் சொல்லும். 1928 மே மாதத்தில் சட்டப்படி எண்கள் மாறின. நவம்பரில் அரபு எழுத்து போய் லத்தீன் எழுத்து வந்தது. முழுக்க அரபு எழுத்தில் இருப்பது 1928 முடிவதற்கு முந்தையது. துருக்கிப் பெயர் லத்தீன் எழுத்தில் இன்றைய எழுத்துக்கூட்டலோடு அச்சாகியிருந்தால் 1928 நவம்பருக்குப் பிந்தையது. பெயோலு கொட்டகைகள் பிரெஞ்சிலும் விளம்பரம் செய்தன என்பதால், லத்தீன் எழுத்து என்ற ஒன்றை மட்டும் பார்த்து முடிவுகட்டக் கூடாது. எந்த மொழிக்கு உரிய எழுத்துக்கூட்டல் என்று பார்க்க வேண்டும்.

பெயர்களிலும் இதே கவனம் தேவை. 1934இல் குடும்பப் பெயர்ச் சட்டம் வந்து, 1935 ஜனவரியில் நடைமுறைக்கு வந்தது. அதற்கு முன் பெரும்பாலான முஸ்லிம் துருக்கியருக்குக் குடும்பப் பெயர் என்ற ஒன்று கிடையாது. இயக்குநர் அதுவரை ‘எர்துருல் முஹ்சின்’ என்றே அறியப்பட்டார். சட்டத்துக்குப் பின் ‘முஹ்சின் எர்துருல்’. தங்கள் கட்டுரை இவர்களை இரு வேறு இயக்குநர்களாக எழுதி, ஒருவர் விட்ட இடத்தில் மற்றவர் தொடர்ந்தார் என்கிறது. ஒரே ஆள்தான். முவாஹ்ஹித் என்பதும் பெடியாவின் தந்தை வழிப் பெயர் அன்று, கணவருடைய பெயர். கணவர் 1927இல் இறந்த பின்பும் அதையே தன் மேடைப் பெயராக வைத்துக்கொண்டார். சட்டத்துக்கு முந்தைய நோட்டீசுகளில் ‘பெடியா ஹனிம்’ (பெடியா அம்மையார்) என்று மட்டும் இருந்தால் தேடுபவர் கண்ணில் படாமல் போகும். ஒரு நடிகருடைய பட்டியலைத் தொகுக்கிறவர் முதலில் அவருடைய பெயர் எத்தனை வடிவங்களில் அச்சாகியிருக்கிறது என்று எழுதி வைத்துக்கொண்டு, பிறகுதான் தேடத் தொடங்க வேண்டும்.

அடுத்தது மிகை நடிப்பு. கட்டுரையாளர் அக்காலத் துருக்கிப் படத்துணுக்குகளை இணையத்தில் பார்த்துவிட்டு, ‘பொம்மைகளைப் போல வெடுக்வெடுக்கென்று ஆடுகிறார்கள்’ என்கிறார். ஆடியது நடிகர்கள் அல்லர். பேசாப்படக் கேமராவைக் கையால் சுழற்றினார்கள். ஒரு சுற்றுக்கு 8 ஃபிரேம் (தனித்தனிப் படக்கட்டம்), நொடிக்கு இரண்டு சுற்று, ஆக நொடிக்கு 16 ஃபிரேம். கேமராக்காரர் கையைப் பொறுத்து 18, 20 வரை போகும். ஒலி வந்த பிறகு வேகம் நொடிக்கு 24 என்று நிலைபெற்றது. 16இல் எடுத்ததை 24இல் ஓட்டினால் அசைவு ஒன்றரை மடங்கு வேகமாகும். 35 மில்லிமீட்டர் படச்சுருளில் ஓர் அடிக்கு 16 ஃபிரேம். 1000 அடிச் சுருள் 16இல் 16 நிமிடம் 40 நொடி ஓடும். 24இல் 11 நிமிடம் சொச்சத்தில் முடிந்துவிடும். ஐந்தரை நிமிட நடிப்பைத் திருடிக்கொண்டு, மீதியைப் பார்த்து நடிகரைக் குறை சொல்வது நியாயமில்லை.

அப்படியானால் புரொஜெக்டர் வேகத்தைக் குறைத்தால் போதுமா என்றால் போதாது. வெளிச்சத்தை மறைத்துத் திறக்கிற ஷட்டரில் பேசாப்படக் காலத்தில் மூன்று இறக்கை இருந்தது: 16 பெருக்கல் 3, நொடிக்கு 48 மின்னல், கண்ணுக்கு உறுத்தாது. பேசும்படப் புரொஜெக்டரில் இரண்டு இறக்கை: 24 பெருக்கல் 2, அதுவும் 48. இரண்டு இறக்கையுள்ள கருவியை 16இல் ஓட்டினால் 32 மின்னல்தான். திரை படபடவென்று துடிக்கும், பார்ப்பவருக்குத் தலை வலிக்கும். அந்தத் துடிப்பைத் தவிர்க்கத்தான் பலரும் 24க்கு ஏற்றிவிடுகிறார்கள். கணினியில் பார்ப்பதானால் ஒன்றுவிட்ட ஃபிரேமை ஒருமுறை திரும்ப வைத்து, இரண்டை மூன்றாக்க வேண்டும், வேகம் சரியாகிவிடும். இன்னொரு சேதம் விளிம்பில் நடக்கிறது. பேசும்படத்தில் ஒலித்தடம் படத்தின் இடப்பக்கத்தில் சுமார் 2.5 மில்லிமீட்டரை எடுத்துக்கொள்ளும். முழு அகலத்தில் எடுத்த பேசாப்படத்தை அந்தச் சட்டத்தில் ஓட்டினால் இடப்பக்கம் வெட்டுப்படும். ஓரத்தில் நிற்கிறவரின் பாதி முகம் போய்விடும். கட்டுரையாளர் ‘ஃபிரேமில் ஆளை எங்கே நிறுத்துவது என்றே தெரியவில்லை’ என்று எழுதியதற்கும் இதுவே காரணமாக இருக்கலாம்.

முகப்பூச்சைப் பற்றியும் ஒரு வார்த்தை. 1920களின் கடைசி ஆண்டுகள் வரை வழக்கத்திலிருந்த பிலிம் சிவப்பை உணராது. சிவந்த உதடு கறுப்பாகவும், நீலக் கண் வெளிறியும் பதியும். செம்மை ஓடிய கன்னம் அழுக்குப் படிந்ததுபோலத் தெரியும். அதை ஈடுகட்டத்தான் முகம் முழுக்க வெளிர்ப்பூச்சு பூசினார்கள். மேடைப் பழக்கத்தை அப்படியே கொண்டுவந்து வைத்தார்கள் என்பது பாதி உண்மை. மீதிப் பாதி வேதியியல்.

ஒலி வந்த பிறகு நடிகருடைய நிலை எப்படி மாறியது என்பதைக் கட்டுரை ஒரே வரியில் கடந்துவிட்டது. 1931இல் வந்த முதல் துருக்கிப் பேசும்படத்துக்கு இஸ்தான்புல்லில் ஒலிப்பதிவுக் கருவி இல்லாமல், பாரிசுக்கு அருகே எபினேயில் இருந்த நிலையத்தில் ஒலி சேர்த்தார்கள். அதே ஆண்டு நம் முதல் பேசும்படம் ‘காளிதாஸ்’ பம்பாயில் உருவானது. அடுத்த ஆண்டு பர்மாவின் முதல் பேசும்படமும் பம்பாய்க்குத்தான் போனது. 1932இல் இபெக் ஃபிலிம் இஸ்தான்புல்லின் நிஷான்தாஷி பகுதியில் சொந்த ஒலி நிலையம் அமைத்தது. நாடகக்காரர்களுக்கு அது பொற்காலம். உச்சரிப்பு தெரிந்தவர்கள் அவர்கள்தாம். அங்கே ஒரு புதுத் தொழிலும் பிறந்தது, டப்பிங். ஃபெர்தி தாய்ஃபூர் என்ற கலைஞர், லாரல்–ஹார்டி என்ற ஒல்லி–குண்டன் இணையின் நகைச்சுவைப் படங்களில் இருவருக்கும் தாமே குரல் கொடுத்து, அந்நியர் பேசும் துருக்கி போல இழுத்துப் பேசி நாடு முழுக்கச் சிரிக்க வைத்தார். 1943இல் ஃபாரூக் கெஞ்ச் என்ற இயக்குநர் படத்தை ஒலியில்லாமல் எடுத்துவிட்டுப் பிறகு குரல் சேர்க்கும் முறையைக் கையாண்டார். செலவு குறைந்தது, மற்றவர்களும் அதையே பிடித்துக்கொண்டார்கள். அன்று தொடங்கிப் பல பத்தாண்டுகள், திரையில் தெரியும் முகம் ஒருவருடையது, கேட்கும் குரல் மற்றவருடையது என்றாயிற்று. அதனால் அந்தக் காலப் படம் எதையும் வைத்து ‘இந்த நடிகரின் குரல்வளம்’ என்று எழுதும் முன், குரல் அவருடையதுதானா என்று பார்த்துக்கொள்ள வேண்டும்.

1948இல் உள்நாட்டுப் படங்களுக்குக் கேளிக்கை வரி குறைக்கப்பட்டதும் படங்களின் எண்ணிக்கை ஏறியது. 1951இல் ஒரு சினிமா இதழ் நடத்திய போட்டியில் வென்ற அய்ஹான் இஷிக், அடுத்த ஆண்டு லுத்ஃபி அகாத் இயக்கிய படத்தில் கதாநாயகனானார். மேடை அனுபவம் இல்லாமல் நேரே திரைக்கு வந்து நிலைத்த தலைமுறை அங்கே தொடங்குகிறது. பெடியாவை அந்தத் தலைமுறையின் அளவுகோலால் அளந்ததுதான் கட்டுரையின் அடிப்படைக் கோளாறு.

படங்களையே பார்த்து முடிவு செய்துவிடலாமே என்று வாசகர்கள் கேட்கலாம். பெரும்பாலானவை இன்று இல்லை. 1959இல் இஸ்தான்புல் நகராட்சியின் படக் கிடங்கு எரிந்து, பழைய படங்கள் ஏராளமாக அழிந்தன. 1963இல் ஜாஹிதே சோன்குவின் நிறுவனமும் தீயில் போயிற்று. இங்கும் அதே கதைதான். 1920 அக்டோபர் 13 அன்று திரையிடப்பட்ட, ஞீ பூ நடித்த முதல் பர்மியக் கதைப்படம் நம்மிடம் இல்லை. மிஞ்சியவற்றில் பழமையானது 1934இன் ‘மியா கா நைங்’. 2016இல்தான் அது இத்தாலியில் செப்பனிடப்பட்டுத் திரும்பி வந்தது.

எரிவதற்குக் காரணம் பொருளிலேயே இருக்கிறது. 1950களின் தொடக்கம் வரை 35 மில்லிமீட்டர் படங்கள் நைட்ரேட் பிலிமில்தான். அது எரியத் தேவையான பிராணவாயு அதற்குள்ளேயே இருப்பதால் தண்ணீரோ மணலோ அணைக்காது. நல்ல நிலையிலுள்ள பிலிம் எளிதில் தானாகப் பற்றாது; ஆனால் சிதையத் தொடங்கிய சுருள், மூடிய டப்பாவுக்குள் 41 டிகிரி சூட்டில் நெடுநேரம் இருந்தாலே தானாகப் பற்றக்கூடும். சித்திரை வெயிலில் தகரக் கூரைக்கு அடியில் அந்தச் சூடு நம் ஊரில் சாதாரணம். முதலில் படம் பழுப்பேறி மங்கும். பிறகு சுற்றுகள் ஒட்டிக்கொள்ளும். மேலே தேன்போல நுரை கசியும். கடைசியில் பழுப்புப் பொடி. ஈரம் சேர்ந்தால் நைட்ரிக் அமிலம் உண்டாகி, பக்கத்துச் சுருளையும் டப்பாவின் இரும்பையும் தின்னும்.

பழைய கொட்டகைக் கிடங்கிலோ வீட்டுப் பரணிலோ இப்படிச் சுருள் வைத்திருப்பவர்கள் அதை இழுத்துப் பிரிக்க வேண்டாம், புரொஜெக்டரில் மாட்டவே வேண்டாம். விளிம்பில் ஆங்கிலத்தில் ‘நைட்ரேட்’ என்றோ ‘சேஃப்டி’ என்றோ இருக்கிறதா என்று வெளிச்சத்தில் பார்க்கலாம். பாதுகாப்பு பிலிமில் எடுத்த நகலிலும் மூலத்தின் ‘நைட்ரேட்’ என்ற எழுத்து நிழல்போலப் பதிந்திருக்கும் என்பதை மறக்கக் கூடாது. கோடாக் பிலிமின் விளிம்பில் வட்டம், சதுரம், முக்கோணம் என்று குறிகள் இருந்தால் அவை தயாரித்த ஆண்டைச் சொல்லும். ஆனால் இருபது ஆண்டுக்கு ஒருமுறை அதே குறி திரும்ப வரும். 1923 என்று காட்டுவது 1943 ஆகவும் இருக்கலாம். புளித்த காடி வாசனை வந்தால் அது நைட்ரேட் அன்று, அசிடேட் என்ற பாதுகாப்பு பிலிம். தீ ஆபத்து குறைவு, சிதைவு குறைவில்லை. எதுவானாலும் குளிர்ந்த, காற்றோட்டமுள்ள இடத்துக்கு மாற்றி, மற்றப் பொருள்களிலிருந்து பிரித்து வைத்துவிட்டு, ஆவணக் காப்பகத்தாரிடம் தெரிவிப்பதே சரி. நோட்டீசும் பாட்டுப் புத்தகமும் வைத்திருப்பவர்கள் பிளாஸ்டிக் உறையில் அடைத்து உருக்கி ஒட்ட வேண்டாம். செலோடேப் வேண்டாம், அதன் பசை சில ஆண்டுகளில் எழுத்தைத் தின்றுவிடும். ஸ்டில் படமென்றால் முன்பக்கத்தோடு பின்பக்கத்தையும் படமெடுத்து வையுங்கள். ஸ்டூடியோ முத்திரை, தேதி, பென்சிலில் எழுதிய பெயர் எல்லாம் பின்னால்தான் இருக்கும்.

கடைசியாக, கட்டுரையோடு வெளியிட்ட புகைப்படம். ‘நெருப்புச் சட்டையில் பெடியா, 1925’ என்று குறிப்பு போட்டிருக்கிறீர்கள். படத்தின் கீழ் ஓரத்தில் நடிகையின் பெயரும் படத்தின் பெயரும் இன்றைய துருக்கி எழுத்துக்கூட்டலில் அச்சாகியிருக்கின்றன. ஆகவே 1928க்கு முன் இருக்க வழியில்லை. தலையைச் சுற்றிக் கட்டிய துணியோடு வயல்வெளியில் நிற்கும் அந்தப் பெண் பெடியா அல்லர், ஜாஹிதே சோன்கு. படம் 1935இன் ‘ஐசெல்’. 1923இல் ஜாஹிதே சிறு குழந்தை. வரும் ஞாயிறு இணைப்பில் படக்குறிப்பைத் திருத்தி வெளியிடுவதோடு, ‘நெருப்புச் சட்டை’ 1923 ஏப்ரல் 23 என்றும், அதில் நடித்த முதல் இரு துருக்கிய முஸ்லிம் பெண்கள் பெடியா முவாஹ்ஹித், நெய்யிரே நெயிர் என்றும், எர்துருல் முஹ்சினும் முஹ்சின் எர்துருலும் ஒருவரே என்றும் ஒரு சிறு திருத்தம் வெளியிடக் கேட்டுக்கொள்கிறோம். இணையத்தில் இக்கட்டுரை இருக்கும் இடத்திலும் அதே திருத்தத்தைச் சேர்த்துவிட்டால், அடுத்து எழுதுகிறவர் 1925ஐ எடுத்தாள மாட்டார்.

இப்படிக்கு,
பழைய படச்சுருள்களையும் சினிமா அச்சு ஆவணங்களையும் பாதுகாத்து வரும் வாசகர்கள்,
யாங்கோன்.